தமிழர் எழுதாத நூலகம்: திருகோணமலையும் கணினிக் கோப்புகளும்

தமிழியல் என்பது ஏட்டுச் சுவடியில் தொடங்கி அச்சு நூலில் முடிந்துவிடும் ஒரு துறை என்னும் எண்ணம் பல்கலைக்கழகங்களில் இன்றும் வலுவாக வேரூன்றியுள்ளது. சுவடியைப் பாடவேறுபாடு நோக்கிப் பதிப்பிப்பது புலமை. கணினியின் உள்ளே கிடக்கும் ஒரு கோப்பிலே தமிழ் எவ்வாறு எழுதப்பட்டுள்ளது என்று நோக்குவது தொழினுட்பர் வேலை. இவ்வாறு ஒரு வேலி போடப்பட்டிருக்கிறது. இவ்வேலி தமிழுக்குக் காவலாக அமையவில்லை. தமிழ் அறிஞரின் சோம்பலுக்கே காவலாக அமைந்துள்ளது. இதனைத் திருகோணமலைத் துறைமுகப் பகுதியின் அண்மைக்கால வரலாற்றைக் கொண்டே நிறுவலாம்.

நூலகக் கோப்பு என்பது யாது?

ஒரு கணினியிற் புதிதாகப் பணிசெயல் முறைமையை நிறுவும்போது உள்ளமைவு மென்பொருள் சில வினாக்களைக் கேட்கும். எந்த நாடு? எந்த மொழி? எந்த விசைப்பலகை? எந்த ஊரின் நேரம்? இவ்வினாக்களுக்குரிய விடைப்பட்டியலை அம்மென்பொருள் தானாக ஆக்குவதில்லை. முன்னரே எழுதிவைக்கப்பட்ட கோப்புகளிலிருந்து அது படித்துக் காட்டுகிறது. நேரவலயங்களுக்கு ஒரு கோப்புத் தொகுதி. விசைப்பலகைகளுக்கு ஒரு தொகுதி. மாதப் பெயர், கிழமைப் பெயர், நாணயக் குறி, அகரவரிசை ஆகியவற்றுக்கு இன்னொரு தொகுதி. எழுத்துகளின் பெயருக்கும் இயல்புக்கும் மற்றுமொரு தொகுதி. இவை யாவும் சேர்ந்ததே கணினியின் நூலகம்.

இந்நூலகத்தின் சிறப்பு, அதனைப் படிப்போர் எவரும் தாம் படிப்பதாக உணர்வதில்லை என்பதாகும். வங்கியிற் பற்றுச்சீட்டு அச்சாகும்போதும், கச்சேரியில் ஒரு விண்ணப்பம் பதிவாகும்போதும், கைத்தொலைபேசி விடியலில் எழுப்பும்போதும் இக்கோப்புகளே பேசுகின்றன. அகராதியிற் பிழை இருப்பின் கற்றவன் ஒருவன் கண்டு நகைப்பான். இக்கோப்பிற் பிழை இருப்பின் அதுவே நடைமுறையாகிவிடும்.

இவற்றுள் நேரவலயத் தரவுத்தளம் மிகப் பரந்த வழக்குடையது. 1980களில் அமெரிக்கரான ஆதர் டேவிட் ஒல்சன் இதனைத் தொடக்கினார். பின்னர் கலிபோர்னியாப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த போல் எகர்ட் இதன் பொறுப்பை ஏற்றார். 2011ஆம் ஆண்டு முதல் இணைய எண்களை ஒதுக்கும் அமைப்பான ஐயானாவின் குடையின் கீழ் இது வெளிவருகிறது. லினக்ஸ், அண்ட்ரொயிட், ஆப்பிள் கருவிகள் யாவும் இதனையே படிக்கின்றன. யாவரும் படிக்கத்தக்க எளிய எழுத்துக் கோப்பாக இது அமைந்திருப்பதும், விதிகளோடு அவற்றுக்கான காரணங்களும் சான்றுகளும் உரைபோல உடன் எழுதப்பட்டிருப்பதும் கவனிக்கத்தக்கவை. மூலமும் உரையும் ஒருங்கே அமைந்த நூல் தமிழ் மாணவனுக்குப் புதியதன்று.

கொட்டியாரக் குடாவின் இரு கரைகள்

அத்தரவுத்தளத்தில் இலங்கைக்கு ஒரே ஒரு வலயம் உண்டு. அதன் பெயர் ‘ஏசியா/கொலம்போ’. விண்டோஸ் முறைமையின் பட்டியலில் ஸ்ரீ ஜயவர்த்தனபுர என்று காணப்படும். திருகோணமலையிற் கணினியைத் திறப்பவர் இவ்விரண்டில் ஒன்றையே தெரிவு செய்தாகவேண்டும். 1970இன் பின் ஒரே கடிகாரத்தை வைத்திருந்த பகுதிகளுக்கு ஒரு வலயம். அவ்வலயத்துக்கு அங்குள்ள பெருநகரின் பெயர். இதுவே விதி. விதியிற் குற்றமில்லை. ஆனால் அவ்விதி இலங்கையிற் பொருந்தியதா என்பதே வினா.

அவ்வலயத்தின் வரலாற்றைக் கோப்பு வரிசையாகத் தருகிறது. 1880 வரை கொழும்பின் ஞாயிற்று நேரம். 1880 முதல் 1906 வரை மொறட்டுவைச் சராசரி நேரம். அஃதாவது கிறீனிச்சுக்கு 5 மணி 19 நிமிடம் 32 செக்கன் முற்பட்டது. 1906இல் 5 மணி 30 நிமிடம். இரண்டாம் உலகப்போரின் போது 1942 சனவரி 5இல் கடிகாரம் அரைமணி முன்தள்ளப்பட்டது. அவ்வாண்டு செப்டெம்பரில் மேலும் அரைமணி தள்ளப்பட்டது. 1945 ஒக்டோபரிலேயே பழைய நிலைக்கு மீண்டது. 1942 ஏப்பிரல் 9ஆம் நாள் யப்பானிய விமானங்கள் திருகோணமலையைத் தாக்கியபோது இலங்கையின் பொதுக்கடிகாரம் கிறீனிச்சுக்கு ஆறு மணி முற்பட்டிருந்தது என்பதை இக்கோப்பு ஒரே வரியிற் கூறிவிடுகிறது. இதனை அறியாது அந்நாளின் நாட்குறிப்புகளைப் படிக்கும் வரலாற்று மாணவன் அரைமணி தவறுவான். கோப்பின் பயன் இதனாற் புலப்படும்.

அடுத்து வருவது 1996. வரட்சியால் நீர்மின் குன்றிய அவ்வாண்டு மே 25இல் அரசாங்கம் கடிகாரத்தை ஒரு மணி முன்தள்ளியது. ஒக்டோபர் 26இல் அரைமணி பின்வாங்கியது. அதனால் இலங்கை நேரம் கிறீனிச்சுக்கு ஆறு மணி முற்பட்டதாகி, 2006 ஏப்பிரல் 15 வரை அவ்வாறே நின்றது. விடுதலைப் புலிகளின் கட்டுப்பாட்டிலிருந்த பகுதிகள் இம்மாற்றத்தை ஏற்கவில்லை. அங்கே பழைய ஐந்தரை மணி நேரமே வழங்கியது.

இதன் பொருள் யாது என்பதைத் திருகோணமலையில் வைத்தே உணரவேண்டும். 2002ஆம் ஆண்டின் போர்நிறுத்த உடன்படிக்கைக் காலத்தில் திருகோணமலை நகரும் துறைமுகமும் கடற்படைத் தளமும் அரசின் கட்டுப்பாட்டில் இருந்தன. கொட்டியாரக் குடாவின் எதிர்க்கரையில், துறைமுக வாயிலை நோக்கி நிற்கும் சம்பூர்ப் பகுதி புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்தது. 2006 செப்டெம்பரிலேயே அதனை அரச படைகள் கைப்பற்றின. ஆகவே ஒரே குடாவில், ஒரே ஞாயிறு எழும் நீர்ப்பரப்பின் இரு கரைகளில், இரு நேரங்கள் வழங்கின. அக்கரையில் ஏழு மணி எனப்பட்டது இக்கரையில் ஏழரை.

இதுபற்றிக் கோப்பு கூறுவது என்ன? விதியாக ஒன்றும் இல்லை. உரைப்பகுதியில் ஒரு குறிப்பு மட்டுமே உண்டு. தமிழர் கட்டுப்பாட்டிலுள்ள பகுதிகளில் வாழ்வோர் இந்தியாவுக்குரிய கொல்கத்தா வலயத்தைப் பயன்படுத்தலாம். 1970 முதல் இரண்டும் ஒத்துவந்துள்ளன என்பதே அதன் கருத்து. கணக்கு அளவில் இது முற்றிலும் சரி. எழுதியவர் பழைய மாற்றங்களைத் தேடித் தொகுத்த நேர்மையாளர் என்பதையும் மறுக்கவியலாது. ஆயினும் அச்சொற்களை ஒரு தமிழ் மாணவன் உரையாசிரியனின் கண்ணோடு படித்தல் வேண்டும்.

‘தமிழர் கட்டுப்பாடு’ என்ற தொடர் இங்கு யாரைக் குறிக்கிறது? திருகோணமலை நகரில் வாழ்ந்த தமிழர் அரசின் கட்டுப்பாட்டிலேயே வாழ்ந்தனர். கொழும்பு நேரத்திலேயே வேலைக்குச் சென்றனர். மூதூரிலும் கிண்ணியாவிலும் தமிழைத் தாய்மொழியாகக் கொண்ட முஸ்லிம் மக்கள் வாழ்ந்தனர். ஓர் இயக்கத்தின் ஆளுகைப் பரப்பை ஓர் இனத்தின் பெயரால் அழைத்தபோது, இவர்கள் அனைவரும் அவ்வுரையிலிருந்து மறைந்துபோயினர். இது தீய எண்ணத்தால் நேர்ந்ததன்று. தொலைவிலிருந்து செய்தித்தாளைப் படித்து எழுதியதால் நேர்ந்தது. அவ்வாறெனில், அருகிலிருந்து அறிந்தவர் எங்கே போயினர்?

இவ்வினாவின் கனம் வெறும் சொற்பிழையளவிற் குன்றாது. அப்பத்தாண்டுகளின் நிகழ்வுகளைப் பற்றிய முறைப்பாடுகளும், மருத்துவப் பதிவுகளும், சாட்சியங்களும், கடிதங்களும் இன்று ஆவணங்களாகியுள்ளன. குடாவின் ஒரு கரையில் எழுதப்பட்ட நேரமும் மறுகரையில் எழுதப்பட்ட நேரமும் ஒப்பிடப்படும் ஒவ்வொரு தடவையும் அரைமணிக் கேள்வி எழும். 1996 மே முதல் ஒக்டோபர் வரையிலான ஐந்து மாதங்களுக்கு அது ஒரு மணிக் கேள்வி. யார் எங்கே நின்றனர், எது முன் நிகழ்ந்தது, எது பின் நிகழ்ந்தது என்பன அரைமணியால் மாறக்கூடியவை. ஆவணத்தை வகைப்படுத்தும் கணினி அதனை ‘ஏசியா/கொலம்போ’ என்று கொண்டு கணக்கிடும், யாரையும் கேளாது. நீதி வேண்டி நிற்கும் ஒரு சமூகம் தன் சாட்சியங்களின் கடிகாரத்தையே எழுதிவைக்காமல் விடுவது எத்துணைப் பெரிய பொறுப்பின்மை!

விசைப்பலகையும் முன்னிருப்பும்

அடுத்து விசைப்பலகைக் கோப்பை நோக்கலாம். லினக்ஸ் முறைமைகள் படிக்கும் விசைப்பலகைத் தொகுதியில் நாட்டுக்கொரு கோப்பு உண்டு. இலங்கைக்குரிய கோப்பின் பெயர் ‘எல்.கே.’ என்னும் ஈரெழுத்து. அதனைத் தெரிவு செய்து, வேறெதுவும் குறிப்பிடாமல் விட்டால் கிடைப்பது சிங்கள ஒலியியல் விசைப்பலகை. தமிழ் அதே கோப்பினுள்ளேயே இருக்கிறது. ஆனால் வேறுவகைகளுள் ஒன்றாக, பெயர் சொல்லி அழைத்தால் மட்டும் வருவதாக இருக்கிறது. அத்தமிழும் 1999இல் சென்னையில் நடந்த தமிழ்நெற் மாநாட்டை ஒட்டி அமைந்த விசைப்பலகையே.

1956இன் சட்டத்தை நினைவிற் கொண்டோர் இதனைக் கண்டதும் கொதிப்பது இயல்பு. ஆயின் கொதிப்பு ஆராய்ச்சி ஆகாது. 1987ஆம் ஆண்டின் 13ஆம் திருத்தம் தமிழையும் அரசகரும மொழியாக்கியது. 1988இன் 16ஆம் திருத்தம் வடக்கிலும் கிழக்கிலும் தமிழை நிருவாக மொழியாக்கியது. சட்டத்தில் எழுதப்பட்டது கோப்பில் எழுதப்படவில்லை. ஏன்? எந்த அமைச்சரவையும் கூடி அக்கோப்பை அவ்வாறு முடிவு செய்யவில்லை. ஆர்வமுடைய இளைஞர் தம் மொழிக்கு வேண்டியதை எழுதி அனுப்பினர், வந்தது சேர்க்கப்பட்டது. வராதது சேர்க்கப்படவில்லை. நாற்பது ஆண்டுகளாக மொழியுரிமை பற்றி மேடையேறிப் பேசிய ஒரு சமூகம், சில வரிகளாலான ஒரு திருத்தத்தை முன்மொழிந்து வாதாடி நிலைநிறுத்தவில்லையெனில், குற்றம் முழுவதையும் பிறர்மேற் சுமத்துதல் அறமாகாது.

மாதப் பெயர்களின் நிலையும் இதுவே. மொழித் தரவுகளைத் தொகுக்கும் யுனிகோட் கூட்டமைப்பின் களஞ்சியத்திலே இலங்கைத் தமிழுக்குத் தனிப் பிரிவு உண்டு. ஆனால் அங்கு எவரேனும் வேறுபாட்டை எழுதிவைத்தாலன்றிப் பொதுத் தமிழே அதற்கும் ஆகும் என்பது விதி. பொதுத் தமிழில் இருப்பது தமிழ்நாட்டு வழக்கான ‘அக்டோபர்’. இலங்கைப் பள்ளிக்கூடத்தில் ‘ஒக்டோபர்’ என்று எழுதிப் பழகிய பிள்ளை, கணினியில் வேறொன்றைக் காண்கிறது. எது சிறந்தது என்பது இங்கு வாதமன்று. ஒரு நாட்டுத் தமிழின் வழக்கு, அதனை வழங்குவோரின் மௌனத்தால் மட்டுமே அழியக்கூடும் என்பதே வாதம்.

ஆய்தத்துக்கு நேர்ந்தது

மௌனத்தின் விலையை அறிய ஆய்தத்தைக் கேட்கலாம். யுனிகோட் எழுத்துத் தரவுக் கோப்பில் ஆய்த எழுத்தின் முறைப்பெயர் ‘தமிழ் விசர்க்கக் குறி’ என்பதாகும். இந்திய எழுத்துமுறைகள் அனைத்தையும் ஒரே அச்சிற் பொருத்திய பழைய இந்தியத் தரமுறையைப் பின்பற்றியதால், தேவநாகரியில் விசர்க்கம் நின்ற இடத்தில் ஆய்தம் நிறுத்தப்பட்டது. பெயரும் அதனோடு வந்து ஒட்டிக்கொண்டது. தொல்காப்பியர் குற்றியலிகரம், குற்றியலுகரம் என்பவற்றோடு சேர்த்துச் சார்பெழுத்தாக எண்ணிய ஓர் எழுத்து, உலகக் கணினிகள் அனைத்திலும் வடமொழிக் குறியொன்றின் பெயரால் இருக்கிறது. ஆய்தம் என்ற பெயர் ஒரு பக்கக் குறிப்பாக மட்டும் சேர்க்கப்பட்டுள்ளது.

இது திருத்தப்படுமா? படாது. ஒருமுறை இட்ட எழுத்துப் பெயரை மாற்றுவதில்லை என்பது யுனிகோட்டின் உறுதிமொழி. எண்ணற்ற மென்பொருள்கள் அப்பெயரை நம்பியுள்ளன. 1991இல் முதற் பதிப்பு வெளிவந்த வேளையில் தமிழ்த்துறைகள் யாவும் இருந்தன. தொல்காப்பியத்தைப் பாடமாக ஓதிய பேராசிரியர்களும் இருந்தனர். எழுத்ததிகாரத்தை மனனஞ்செய்தவர்க்கு எழுத்துப் பட்டியல் ஒன்று உலகிற் புதிதாக எழுதப்படுகிறது என்ற செய்தியே எட்டவில்லை. இதனைவிடக் கூர்மையான எச்சரிக்கை தமிழியலுக்கு வேறு கிடைக்குமா?

நேரவலயக் கோப்பு சற்று நெகிழ்வுடையது. கல்கத்தா கொல்கத்தா ஆனபோது, புதிய பெயர் காலப்போக்கில் ஏற்கப்பட்டது. பழைய பெயரும் இணைப்பாக நிலைத்தது. ஆகவே திருந்தும் கோப்புகளும் உண்டு, திருந்தாக் கோப்புகளும் உண்டு. எது எவ்வகை என்று அறிந்து, திருந்தும் காலத்திலேயே திருத்துவதே அறிவுடைமை.

மறுப்புரைகளும் விடைகளும்

இவ்வாதத்துக்கு மறுப்புகள் எழாமலில்லை. இது பொறியியற் பீடத்தின் வேலை என்பது முதலாவது. பொறியியலாளன் கோப்பின் இலக்கணத்தை அறிவான். தமிழின் இலக்கணத்தை அறியவேண்டிய கடப்பாடு அவனுக்கில்லை. அகரவரிசையில் ஆய்தம் எங்கே நிற்கவேண்டும், க்ஷ எங்கே நிற்கவேண்டும் என்பதை அவன் யாரிடம் கேட்பான்? கேட்குமிடத்தில் ஆளில்லையெனில் தானே முடிவு செய்வான். அவன் முடிவே பின்னர் இலக்கணமாகும்.

இது அரசின் கடமை என்பது இரண்டாவது. கடமைதான். எழுத்துக் குறியீட்டுக்கும் விசைப்பலகைக்கும் 2008இல் இலங்கைத் தரமொன்று, எஸ்.எல்.எஸ். 1326 என்ற இலக்கத்தோடு வெளியிடப்பட்டது. ஆனால் தரம் என்பது தாள். கோப்பு என்பது செயல். முன்னதைப் பின்னதாக்குவோர் தாமாக முன்வரும் தொண்டர்களே. அரசு செய்யட்டும் என்று காத்திருப்பது, குளம் வெட்டியபின் வாய்க்காலையும் மன்னனே வெட்டவேண்டும் என்று உழவன் வரப்பிற் குந்தியிருப்பதை ஒக்கும்.

ஆங்கிலத்திலேயே கணினியைப் பயன்படுத்தலாமே என்பது மூன்றாவது. இதனைக் கூறுவோர் ஆங்கிலம் அறிந்தோர். துறைமுகத்திற் கூலி வேலை செய்பவரும், மூதூரில் மீன் விற்கும் பெண்ணும் இன்று கைத்தொலைபேசியில் அலுவல் பார்க்கின்றனர். அவர்களுக்கு ஆங்கிலத்தைப் பரிந்துரைப்பது, நிருவாக மொழிச் சட்டத்தைத் தமிழரே தம் கையால் நீக்குவதாகும்.

கோப்புகள் நடுநிலையானவை, அவற்றில் அரசியல் தேடவேண்டாம் என்பது நான்காவது. நடுநிலை என்பது நோக்கத்தைப் பற்றிய சொல். விளைவோ வேறு. திருகோணமலை ஏறத்தாழக் கிழக்கு நெடுங்கோடு 81 பாகை 14 கலையில் உள்ளது. அதன் ஞாயிற்று நேரம் கிறீனிச்சுக்கு ஏறக்குறைய 5 மணி 25 நிமிடம் முற்பட்டது. ஐந்தரை மணிப் பொதுநேரத்துக்குக் கொழும்பைவிடத் திருகோணமலையே நெருங்கியது. ஆயினும் பெயர் கொழும்பினது. பெருநகர் பெயர்பெறும் என்ற விதி நடுநிலையானதே. அவ்விதியின் கீழ்ச் சிறுநகர் ஒவ்வொரு நாளும் தன் பெயரை இழக்கிறது என்பதும் உண்மையே. இரண்டையும் ஒருங்கே காண்பதற்குப் பெயர்தான் ஆராய்ச்சி.

செய்யத்தக்கன

திருகோணமலை இப்பணிக்கு மரபில்லாத ஊரன்று. ‘மோகனாங்கி’ என்னும் நாவலை 1895இல் வெளியிட்ட த. சரவணமுத்துப்பிள்ளை அவ்வூரினர், சென்னையிலே கீழைத்தேயச் சுவடிகளின் நூலகராகப் பணிபுரிந்தவர். அவர் தமையனார் தி. த. கனகசுந்தரம்பிள்ளை பழந்தமிழ் நூல்களைப் பதிப்பித்தவர். தம் காலத்தில் தமிழ் எந்தக் கலத்தில் அடங்கியிருந்ததோ அந்தக் கலத்தை அவர்கள் தேடிச் சென்று துலக்கினர். அவர்கள் காலத்தில் அது ஓலை. இன்று அது கோப்பு.

பல்கலைக்கழகத் தமிழ்ச் சங்கங்கள் ஆற்றக்கூடிய பணிகள் அரியனவும் அல்ல, பெருஞ்செலவு பிடிப்பனவும் அல்ல. இலங்கைத் தமிழுக்குரிய மொழித் தரவை வரி வரியாகப் படித்துப் பாடவேறுபாட்டுப் பட்டியல் ஒன்று ஆக்கலாம். மாதப் பெயர், நாணயக் குறி, அகரவரிசை ஆகியவற்றில் இந்நாட்டு வழக்கு எதுவென்பதைப் பத்திரிகை, பாடநூல், அரச வர்த்தமானி ஆகியவற்றின் சான்றோடு நிறுவி, அக்களஞ்சியத்தைப் பேணுவோருக்கு அனுப்பலாம். ‘எல்.கே.’ கோப்பிலே தமிழுக்குச் சமவிடம் வேண்டும் என்பதைச் சட்டத்தின் பிரிவுகளைக் காட்டி முன்மொழியலாம். எல்லாவற்றுக்கும் மேலாக, 1996 முதல் 2006 வரை எந்தப் பகுதியில் எந்த நேரம் வழங்கியது, பாடசாலை மணியும் கோயில் மணியும் எந்தக் கடிகாரத்தின்படி ஒலித்தன என்பதை அக்காலத்தை வாழ்ந்தோரிடம் கேட்டு எழுதிவைக்கலாம். ஆங்கிலம் நன்கறிந்த மாணவர் இருவரும், தமிழ் நன்கறிந்த விரிவுரையாளர் ஒருவரும் போதும். இத்தொகுதிகளின் வாயில்கள் எவருக்கும் அடைக்கப்படவில்லை. சான்றோடு வருபவரை அவை ஏற்கின்றன.

நூலகம் என்ற சொல்லைக் கேட்டவுடன் ஈழத்துத் தமிழர் நெஞ்சில் 1981இல் எரிந்த யாழ்ப்பாணப் பொது நூலகமே தோன்றுகிறது. அத்துயர் ஆறாதது; ஆறவும் வேண்டியதில்லை. ஆனால் எரித்தவனைப் பழிப்பதற்குக் காட்டும் ஊக்கத்திற் பத்தில் ஒரு பங்கையேனும் எழுதப்படாத நூலகத்தின்மேற் காட்டல் வேண்டும். எரிந்த நூலுக்கு இன்னொரு படி எங்கேனும் கிடைத்தல் கூடும். எழுதப்படாத வரிக்குப் படியே இல்லை. கொட்டியாரக் குடாவின் இரு கரைகளிலும் இரு மணிகள் ஒலித்த பத்தாண்டுகளை நினைவிற் கொண்டோர் இன்னும் உயிரோடிருக்கின்றனர். அவர்களிடம் கேட்டு எழுதும் பொறுப்பைக் கொல்கத்தாவுக்கும் கலிபோர்னியாவுக்கும் விட்டுவைப்பதா, தமிழ் மாணவர் தாமே ஏற்பதா என்பதே இன்று விடைகாண வேண்டிய வினா.